பம்பாய்ச் சட்டசபையில் அண்ணல் அம்பேத்கர்

அண்ணல் அம்பேத்கர் என்றவுடன் நம் கண்முன் வந்து நிற்பது ஊர்தோறும் நாம் காணும் அந்தச் சிலையே. நீல நிறக் கோட்டு, கையில் அரசியலமைப்புப் புத்தகம், நீட்டிய சுட்டுவிரல். அரசியலமைப்பை வரைந்தவர் என்ற அளவில் அவரை அறியாத பிள்ளை நம் சேரிகளில் இல்லை. ஆயினும், அந்தப் பெரும் பொறுப்பை ஏற்பதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்பே அவர் ஒரு மாகாணச் சட்டசபையில் உறுப்பினராக அமர்ந்து, நாள்தோறும் கேள்வி கேட்டும், மசோதா கொண்டுவந்தும், தோற்றும், மறுபடி எழுந்து நின்றும் பணியாற்றிய வரலாறு நம்மவரிடையே அதிகம் பேசப்படுவதில்லை. நம் கல்விச் சங்கத்தின் வெள்ளி விழா மலரில் அந்த வரலாற்றை எழுத நாம் விரும்பியதற்குக் காரணம் உண்டு. சட்டமன்றத்துக்கும் ஊராட்சிக்கும் நம் பிள்ளைகள் இன்று தேர்ந்தெடுக்கப்பட்டுச் செல்கின்றனர். பெரும்பான்மை கையில் இல்லாத ஓர் உறுப்பினர் அவையில் என்ன செய்ய முடியும் என்ற கேள்வி அவர்களுக்கு எழாமல் இராது.

அவர் பின்னாளில் எந்தத் தொகுதியின் உறுப்பினரானாரோ, அந்தப் பரேல் பகுதியிலேதான் அவர் வளர்ந்தார். 1891 ஏப்ரல் 14 அன்று மாவ் படைமுகாமில் பிறந்த பீமராவ், தந்தை ராம்ஜியுடன் பம்பாய்க்கு வந்தபோது குடும்பத்துக்குக் கிடைத்தது பரேலில் ஆலைத் தொழிலாளர் வாழும் சாலில் ஒரே ஓர் அறை. சமையலும் படுக்கையும் படிப்பும் அதற்குள்ளேதான். மகன் முன்னிரவில் உறங்குவான், தந்தை விழித்திருப்பார். இரவு இரண்டு மணிக்கு மகனை எழுப்பிவிட்டு, அவன் எழுந்த இடத்தில் தந்தை படுத்துக்கொள்வார். விளக்கொளியில் விடியும் வரை படிப்பு நடக்கும். அமெரிக்காவுக்கும் இங்கிலாந்துக்கும் சென்று பெரும் பட்டங்கள் பெற்று, பாரிஸ்டராகத் திரும்பிய பின்பும் அவர் பல ஆண்டுகள் குடியிருந்தது அதே பரேலில், இம்ப்ரூவ்மெண்ட் டிரஸ்ட் கட்டிய சாலின் இரண்டு அறைகளில்தான். ஆலைச் சங்கு ஊதும் நேரமும், தண்ணீர்க் குழாயடியில் நிற்கும் வரிசையும் அவருக்குப் புத்தகத்தில் படித்த செய்திகள் அல்ல.

1927ஆம் ஆண்டின் தொடக்கத்தில் பம்பாய் கவர்னர் அவரைச் சட்டசபையின் நியமன உறுப்பினராக ஆக்கினார். அவருடன் டாக்டர் சோலங்கியும் நியமிக்கப்பட்டார். அந்நாளில் தாழ்த்தப்பட்ட மக்களுக்கு வாக்குரிமை பெயரளவுக்கே இருந்தது. ஆகவே பிரதிநிதி வேண்டுமென்றால் அரசே பார்த்து அமர்த்துவதுதான் வழக்கம். அப்படி அமர்த்தப்பட்டவர் அமர்த்தியவர்களுக்கு நன்றியுடன் கை தூக்குவார் என்றே யாரும் எதிர்பார்ப்பர். அண்ணலோ பிப்ரவரி 24 அன்று வரவு செலவுத் திட்டத்தின் மீது பேசிய முதல் பேச்சிலேயே அரசின் நிலவரி முறையைக் கேள்விக்குள்ளாக்கினார். வருமான வரியில் குறைந்த வருவாய் உடையவனுக்கு விலக்கு உண்டு. நிலவரியிலோ அரை ஏக்கர்க்காரனும் பெரும் பண்ணைக்காரனும் ஒரே விதத்தில் செலுத்த வேண்டியிருக்கிறது, விளைந்தாலும் விளையாவிட்டாலும் செலுத்த வேண்டியிருக்கிறது என்று எடுத்துக்காட்டினார். பொருளாதாரத்தில் டாக்டர் பட்டம் பெற்றவர் கணக்கைக் கையில் வைத்துக்கொண்டு பேசுகிறார் என்பதை அவை அன்றே உணர்ந்திருக்கும்.

அடுத்து அவர் பேசியது நமக்கு மிகவும் நெருங்கிய பொருள். மார்ச் 12 அன்று கல்வி மானியத்தின் மீது எழுந்தார். மாகாண அரசு ஓர் ஆளுக்குக் கல்விக்காகச் செலவிடுவது ஆண்டொன்றுக்கு 14 அணா. கள், சாராய வரியாக ஓர் ஆளிடமிருந்து அது பெறுவதோ இரண்டு ரூபாய்க்கு மேல். மக்களைக் குடிக்க வைத்துப் பெறும் பணத்தையாவது அவர்கள் பிள்ளைகளின் படிப்புக்குத் திருப்பித் தரலாகாதா என்பதே அவர் வாதத்தின் சாரம். இன்னொரு கணக்கையும் முன்வைத்தார். தொடக்கப் பள்ளியில் சேரும் 100 குழந்தைகளில் நான்காம் வகுப்பை எட்டுவோர் 18 பேர் மட்டுமே. எஞ்சிய 82 பேரும் கற்ற எழுத்தையும் மறந்து, பள்ளிக்கே போகாதவரைப் போல ஆகிவிடுகின்றனர். பள்ளியில் சேர்த்துவிட்டோம் என்று மகிழ்வதில் பொருளில்லை, எத்தனை பேர் நிலைத்து நிற்கின்றனர் என்று பார்க்க வேண்டும் என்ற அறிவு அந்தப் பேச்சில் இருந்தது. நம் சங்கத்தில் பணியாற்றும் எவருக்கும் இதன் உண்மையை நாம் விளக்கத் தேவையில்லை.

இந்தப் பேச்சுக்கு ஒரு வாரம் கழித்து அவர் மகாடு நகரில் இருந்தார். பொதுக் குளங்களிலும் கிணறுகளிலும் தீண்டப்படாதவர் தண்ணீர் எடுக்கலாம் என்று போலே என்ற உறுப்பினர் கொண்டுவந்த தீர்மானத்தைப் பம்பாய்ச் சட்டசபை 1923 ஆகஸ்டிலேயே நிறைவேற்றியிருந்தது. தீர்மானம் ஏட்டில் இருந்தது. சவதார் குளத்துத் தண்ணீரோ நம்மவர்க்குக் கிட்டவில்லை. 1927 மார்ச் 20 அன்று அண்ணல் ஆயிரக்கணக்கானோருடன் நடந்து சென்று அந்தக் குளத்தின் நீரைக் கையால் அள்ளிப் பருகினார். அவையில் கல்வி மானியம் பற்றிப் பேசியவரும் குளக்கரையில் குனிந்து நின்றவரும் ஒரே மாதத்தில் ஒருவரே. இவ்விரண்டையும் தனித்தனியே பிரித்துச் சொல்லும் வழக்கம் நம் மேடைகளில் உண்டு. நாம் அவ்வாறு பிரிக்க விரும்பவில்லை. அந்தக் குளத்தின் வழக்குப் பத்தாண்டுகள் நடந்து, 1937 மார்ச்சில் உயர்நீதிமன்றத்தில் நம்மவர்க்குச் சாதகமாக முடிந்தது.

1928 மார்ச் 19 அன்று அவர் கொண்டுவந்த மசோதா, அவருடைய சட்டசபை வாழ்வின் நெஞ்சமாக விளங்கியது எனலாம். அது மகார் வதன் முறையைத் திருத்துவதற்கானது. நம் ஊர்களில் வெட்டியானுக்கும் தோட்டிக்கும் மானியம் விட்டிருந்ததைப் பெரியவர்கள் அறிவர். மராட்டிய நாட்டில் மகார் மக்களுக்கு இருந்ததும் அத்தகைய ஒரு கட்டே. சிறிது மானிய நிலமும், அறுவடைக் காலத்தில் ஊரார் தரும் தானியமும் கூலி. வேலைக்கோ அளவு இல்லை, நேரமும் இல்லை. அரசு அதிகாரி வந்தாலும், கடிதம் போக வேண்டுமென்றாலும், சாவுச் செய்தி சொல்ல வேண்டுமென்றாலும் இரவு பகல் பாராமல் ஓட வேண்டும். வேலைக்குரியவன் ஊரில் இல்லையானால் வீட்டிலிருக்கும் தந்தையையோ வேறு ஆண்மகனையோ இழுத்துச் செல்வர். அந்தத் துண்டு நிலத்துக்காகவே தலைமுறை தலைமுறையாக ஒரு மக்கள் கூட்டம் ஊரை விட்டு நகராமலும், வேறு தொழில் கற்காமலும் கட்டுண்டு கிடந்தது. 1874ஆம் ஆண்டின் பரம்பரை உத்தியோகச் சட்டம் அதற்குக் காவலாக நின்றது.

அண்ணல் கேட்டது மிகையானதன்று. விரும்புகிறவர் முழு நிலவரியைச் செலுத்திவிட்டு, ஊழியத்திலிருந்து விடுபட்டு, நிலத்தைச் சாதாரண உழவரைப் போல வைத்துக்கொள்ளட்டும். ஊழியம் செய்கிறவருக்கு ஊரார் தரும் தானியத்தைப் பணமாக மாற்றி அரசே வசூலித்துத் தரட்டும். வேலை இன்னது என்று வரையறுக்கட்டும். இவ்வளவே. மசோதா தேர்வுக் குழுவுக்குச் சென்றது. அரசுத் தரப்பும் ஊர்ப் பெரியவர்களின் தரப்பும் அதை வெட்டிக் குறைத்து, உயிரில்லாத உடலாக்கிவிட்டன. 1929 ஜூலையில் அவரே அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். பெயருக்கு ஒரு சட்டம் நிறைவேறியது என்று சொல்லிக்கொள்ள அவர் ஆசைப்படவில்லை. அரைகுறையாயினும் கிடைத்ததை வாங்கியிருக்கலாமே என்று கேட்போர் அன்றும் இருந்திருப்பர். அரைகுறைச் சட்டம் ஒன்று வந்துவிட்டால், அடுத்த முப்பது ஆண்டுகளுக்கு அதையே காட்டி வாயை அடைத்துவிடுவர் என்பதை அறிந்தே அவர் அவ்வாறு செய்திருக்க வேண்டும் என்று நாம் கருதுகிறோம்.

1928 ஜூலையில் ஆலைப் பெண்களுக்கான பேறுகால உதவி மசோதா அவைக்கு வந்தது. அது அவர் கொண்டுவந்த மசோதா அன்று. இதை நாம் தெளிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் அவர் பெயரில் இல்லாததை ஏற்றிச் சொல்வதும் அவருக்குப் பெருமை ஆகாது. ஆனால் அதை ஆதரித்து அவர் வலுவாகப் பேசினார். பேற்றுக்கு முன்னும் பின்னும் தாய்க்கு ஓய்வு கிடைப்பது நாட்டின் நலன். ஆகவே செலவின் பெரும்பங்கை அரசு ஏற்பதே முறை. அதற்காக, அவள் உழைப்பால் பயன் பெறும் முதலாளியை அடியோடு விட்டுவிடவும் ஆகாது என்றார். 1929இல் சட்டமாகிய அதுவே இந்தியாவில் இத்தகைய முதற்சட்டம்.

ஆலை என்றதும் ஒன்றைச் சொல்லாமல் அப்பால் செல்ல மனம் வரவில்லை. பம்பாய்ப் பருத்தி ஆலைகளில் தாழ்த்தப்பட்டவர் ஆயிரக்கணக்கில் வேலை செய்தும், கூலி மிகுதியாகக் கிடைக்கும் நெசவுப் பகுதிக்குள் அவர்கள் கால் வைக்க முடியாது. காரணம் கேட்டால் வியப்பாக இருக்கும். நூல் அறுந்தாலோ தீர்ந்தாலோ, நாடாவின் துளை வழியே புதிய நூலின் நுனியை வாயால் உறிஞ்சி இழுப்பது அந்நாள் வழக்கம். தீண்டப்படாதவன் வாய் வைத்த நாடாவில் மற்றவன் வாய் வைப்பதா? இயந்திரம் சாதி பார்க்காது என்று புத்தகங்கள் சொல்லும். இயந்திரத்தின் முன் நின்றவன் பார்த்தான். 1928இல் ஆலைகளில் பெரும் வேலைநிறுத்தம் நடந்தபோது, தொழிலாளர் கோரிக்கைகளுடன் நெசவுப் பகுதியைத் தம் மக்களுக்குத் திறந்துவிடும் கோரிக்கையையும் சேர்க்க வேண்டுமென்று அண்ணல் தொழிற்சங்கத் தலைவர்களிடம் வற்புறுத்தினார். முதலாளியிடம் மட்டுமன்றித் தோழனிடமும் நியாயம் கேட்க வேண்டிய நிலை நம்முடையது.

சட்டசபை உறுப்பினர் என்ற பதவி அவரை எந்த அளவுக்குக் காத்தது என்பதற்கு 1929 அக்டோபரில் நடந்த ஒரு நிகழ்ச்சியே சான்று. தாழ்த்தப்பட்டவர் குறைகளை ஆராய அரசு அமைத்த குழுவில் அவர் ஓர் உறுப்பினர். அந்தப் பணிக்காகத் தூலியா சென்று திரும்பும் வழியில் சாலிஸ்கான் நிலையத்தில் இறங்கினார். ஓர் ஊரில் நம்மவர்மீது சாதியினர் விதித்திருந்த புறக்கணிப்பை விசாரிப்பது நோக்கம். அன்றிரவு தங்கிச் செல்லுமாறு உள்ளூர் மக்கள் வேண்டிக்கொண்டனர். நிலையத்திலிருந்து அவரை அழைத்துச் செல்லக் குதிரை வண்டி வர நெடுநேரம் ஆயிற்று. ஒருவழியாக வந்த வண்டியில் அவர் ஏறினார். வழியில் எதிரே வந்த மோட்டார் ஒன்றின்மீது வண்டி மோதாமல் தப்பியது. பின் ஆற்றுப் பாலத்தை அடைந்ததும் சக்கரம் ஓரக்கல்லில் இடிக்க, அவர் கற்றளத்தில் தூக்கி எறியப்பட்டார். குதிரையும் வண்டியும் ஆற்றில் விழுந்தன. அவருக்குக் கால் முறிந்தது. பல நாள் நடமாட முடியவில்லை.

உண்மை பிறகுதான் வெளிப்பட்டது. வண்டிக்காரர் எவரும் ஒரு மகாரை ஏற்றி ஓட்ட உடன்படவில்லை. தங்கள் மதிப்புக்குக் குறைவு என்றனர். தங்கள் தலைவர் சேரிக்கு நடந்து வருவதை அந்த எளிய மக்களால் பொறுக்க முடியவில்லை. கடைசியில் ஓர் உடன்பாடு ஏற்பட்டது. வண்டியை வாடகைக்குத் தருவதாகவும், ஓட்ட மட்டும் வரமாட்டோம் என்றும் வண்டிக்காரர் சொல்ல, குதிரை வண்டி ஓட்டி அறியாத ஒருவரே கடிவாளத்தைப் பிடித்தார். மாகாணச் சட்டசபையின் உறுப்பினர், பாரிஸ்டர், அரசுக் குழுவின் அங்கத்தினர். இருந்தும் வண்டிக்காரன் பார்வையில் அவர் தனக்குக் கீழானவரே. அவருக்கு மதிப்புத் தேட எண்ணியவர்கள் அவர் உயிரைப் பற்றி எண்ண மறந்தனர். அவர்களை அண்ணல் கடிந்துகொண்டதாக நாம் அறியவில்லை.

இடையே வட்டமேசை மாநாடுகளும் புனா ஒப்பந்தமும் வந்து சென்றன. அவை யாவரும் அறிந்தவை, இங்கு விரித்தெழுதவில்லை. 1932இல் தனித்தொகுதிக்குப் பதிலாக இடஒதுக்கீட்டுடன் கூடிய கூட்டுத்தொகுதி வந்தது என்பது மட்டும் இங்கு வேண்டுவது. அதன்படி பம்பாய்ச் சட்டப் பேரவையின் 175 இடங்களில் தாழ்த்தப்பட்டவர்க்கு 15 இடங்கள். 1936 ஆகஸ்டில் சுதந்திரத் தொழிலாளர் கட்சியை அண்ணல் தொடங்கினார். 1937 பிப்ரவரித் தேர்தலில் பைகுல்லா–பரேல் நகரத் தொகுதியில் தாமே நின்றார்.

எதிர்த்து நின்றவர் யார்? காங்கிரஸ் நிறுத்திய பல்வங்கர் பாலு. நம் இளைஞரில் கிரிக்கெட் விளையாடுவோர் பலர். ஆனால் இந்தப் பெயரை அறிந்தோர் சிலரே. செருப்புத் தைக்கும் குலத்தில் பிறந்து, மைதானத்துக்கு வெளியே தனிக் குவளையில் தேநீர் தரப்பட்டும், மைதானத்துக்குள் தம் பந்துவீச்சால் எல்லோரையும் வியக்க வைத்தவர் அவர். 1911இல் இந்திய அணியுடன் இங்கிலாந்து சென்று நூற்றுக்கு மேற்பட்ட விக்கெட்டுகளை வீழ்த்தினார். அவரை ஒரு காலத்தில் அண்ணலே பெரிதும் மதித்துப் போற்றியிருந்தார். பின்னர் புனா ஒப்பந்தக் காலத்தில் சென்னையின் எம். சி. ராஜாவுடன் சேர்ந்து பாலு எதிர்ப்பக்கம் நின்றார். தேர்தலில் அண்ணல் பெற்றவை 13,245 வாக்குகள். பாலு பெற்றவை 11,225. வென்றது நம் தலைவர் என்பதற்காக நாம் பாலுவை எள்ளி எழுதப் போவதில்லை. ஒடுக்கப்பட்ட இரு பெரியவர்களை ஒருவர்க்கொருவர் எதிராக நிறுத்தியதே அந்தத் தேர்தல் முறையின் இயல்பு. இரண்டாயிரம் வாக்குகளே வித்தியாசம் என்பதையும் மறக்கலாகாது.

அப்போது அவர் அரசுச் சட்டக் கல்லூரியின் முதல்வராகவும் இருந்தார். கல்லூரி, நீதிமன்றம், கட்சி, பேரவை என்று நான்கு பணிகளையும் ஒருங்கே இழுத்துச் சென்ற ஆண்டுகள் அவை. பி. ஜி. கேர் தலைமையில் காங்கிரஸ் அமைச்சரவை அமைந்தது. எதிர்வரிசையில் சிறிய கட்சியின் தலைவராக அமர்ந்த அண்ணல், 1937 செப்டம்பர் 17 அன்று கோத்தி முறையை ஒழிக்க மசோதா கொண்டுவந்தார். கொங்கணத்தில் அரசுக்கும் உழவருக்கும் இடையே கோத் என்னும் இடைத்தரகர் நின்று, அரசுக்குச் சேர வேண்டியதற்கு மேல் பல மடங்கு உழவனிடம் கறந்தனர். இலவச வேலையும் வாங்கினர். இந்த மசோதாவால் விடுதலை பெற இருந்தவர்கள் நம் மக்கள் மட்டுமல்லர். குன்பி முதலிய சாதி உழவரும் அவருள் அடங்குவர். அமைச்சரவை மசோதாவை எடுத்துக்கொள்ளவில்லை. 1938 ஜனவரி 10 அன்று தாணா, கொலாபா, ரத்னகிரி முதலிய மாவட்டங்களிலிருந்து சுமார் 20,000 உழவர்கள் பம்பாய் வந்து பேரவைக் கட்டடம் நோக்கி ஊர்வலம் சென்றனர். கேரிடம் கோரிக்கைகள் தரப்பட்டன. பதில் இனிமையாக இருந்தது, சட்டம் வரவில்லை.

அதே ஆண்டு, உள்ளாட்சிச் சட்டத் திருத்தத்தில் நம் மக்களை ஹரிஜனர் என்று குறிக்க அரசு முற்பட்டது. எங்களை எப்பெயரால் அழைப்பது என்பதை எங்களைக் கேட்டுத் தீர்மானியுங்கள் என்பதே அண்ணல் கட்சியின் நிலை. வாக்கெடுப்பில் தோற்றதும் அவர் தம் உறுப்பினர்களுடன் வெளிநடப்புச் செய்தார்.

1938 செப்டம்பரில் தொழில் தகராறு மசோதா வந்தபோதுதான் அவருடைய வாதத்திறம் முழுமையாக வெளிப்பட்டது. சமரசப் பேச்சு முடியுமுன் வேலைநிறுத்தம் செய்தால் தண்டனை என்றது மசோதா. வேலை செய்ய மறுப்பது ஒப்பந்த மீறலாகலாம், அதற்கு இழப்பீடு கோரலாம். ஆனால் அதைக் குற்றமாக்கிச் சிறைக்கு அனுப்புவது மனிதனை அவன் விருப்பத்துக்கு மாறாக உழைக்க வைப்பது, அதற்கு அடிமைத்தனம் என்றே பெயர் என்று அவர் வாதிட்டார். வதன் ஊழியத்தைப் பற்றிப் பத்தாண்டுகளுக்கு முன் அவர் சொன்னதும் இதுவேயன்றோ? மசோதா நிறைவேறியது. நவம்பர் 7 அன்று அவர் கட்சியும் பொதுவுடைமைத் தொழிற்சங்கத்தாரும் சேர்ந்து ஒருநாள் வேலைநிறுத்தம் நடத்தினர். போலீசார் துப்பாக்கிச் சூடு நடத்தினர். 1928இல் நெசவுப் பகுதிக் கதவு குறித்து எவரோடு வாதாடினாரோ, அந்தத் தலைவர்களுடன் ஒரே மேடையில் அன்று நின்றார். பழைய குறையை அவர் மறந்துவிட்டார் என்பதன்று; எதிரே நின்ற ஆபத்து இருவருக்கும் பொதுவாயிருந்தது.

1939 நவம்பரில் காங்கிரஸ் அமைச்சரவைகள் பதவி விலகின. மாகாண அவையின் பணி அத்துடன் ஓய்ந்தது. 1942இல் அண்ணல் வைசிராயின் நிர்வாக சபையில் தொழிலாளர் துறை உறுப்பினரானார். சுரங்கத்தில் வேலை செய்யும் பெண்களின் பேறுகால உதவிச் சட்டத்துக்கு அவர் 1943இல் திருத்தம் கொண்டுவந்தபோது, பரேல் பெண்களுக்காக 1928இல் பேசியது அவர் நினைவில் இருந்திருக்கும்.

1946 தேர்தலில் அவருடைய கட்சி பம்பாயில் படுதோல்வி அடைந்தது. அரசியல் நிர்ணய சபைக்கு அவரை அனுப்பப் பம்பாயில் ஆதரவு இல்லை. ஜோகேந்திரநாத் மண்டல் முதலியோர் முயற்சியால் வங்காளத்திலிருந்து தேர்வானார். பிரிவினையால் அந்த இடமும் போயிற்று. 1947 ஜூலையில் அவரைத் திரும்பவும் அனுப்பி வைத்தது பம்பாய்ப் பேரவையே. அப்போதும் அங்கே தலைமை வகித்தவர் கேர். வதன் மசோதாவையும் கோத்தி மசோதாவையும் ஏற்காத அவையே அரசியலமைப்பை எழுதும் இடத்துக்கு அவரை அனுப்ப நேர்ந்தது. 1952இல் அதே பம்பாயில் மக்களவைக்கு நின்று, காஜ்ரோல்கரிடம் பதினாலாயிரம் வாக்குக்கு மேற்பட்ட வித்தியாசத்தில் தோற்றார்.

கோத்தி முறையைப் பம்பாய் அரசு 1949ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஒழித்தது. அவர் கொண்டுவந்த மசோதாவுக்கு அப்போது வயது பன்னிரண்டு. வதன் ஊழியத்தை ஒழிக்கும் சட்டம் 1958இல் வந்தது. அண்ணல் 1956 டிசம்பர் 6 அன்றே மறைந்துவிட்டார்.